நாணயம் மாறிய காலம்: ப. சிங்காரமும் அவருடைய பினாங்கு நாவலும்

நாணயம் என்னும் சொல்லுக்குத் தமிழில் இரு பொருள் உண்டு. கையில் புழங்கும் காசு ஒன்று. சொன்ன சொல் தவறாத ஒழுக்கம் மற்றொன்று. கொடுக்கல் வாங்கல் தொழிலில் வளர்ந்தவர்கள் இவ்விரண்டையும் வேறு வேறாகக் கருதியதில்லை. ஒருவனை ‘நாணயமான ஆள்’ என்று சொல்லிவிட்டால், அவனை நம்பிப் பணம் கொடுக்கலாம் என்பதே அதன் பொருள். காசின் மதிப்பும் மனிதனின் மதிப்பும் ஒரே பேரேட்டில் அடுத்தடுத்த பத்திகளில் எழுதப்பட்டன எனலாம்.

1945ஆம் ஆண்டு செப்டம்பரில் பினாங்கில் இவ்விரு பொருளும் ஒன்றையொன்று விட்டுப் பிரிந்தன. ஜப்பானியர் சரணடைந்தனர், பிரிட்டிஷார் திரும்பி வந்தனர். மூன்றரை ஆண்டுகளுக்கு மேலாகப் புழங்கிய ‘வாழைமர நோட்டு’ வெறுங்காகிதம் ஆயிற்று. அந்த நோட்டில் கூலி வாங்கியவனும், சரக்கு விற்றவனும், கடன் வசூலித்தவனும் தத்தம் பெட்டியைத் திறந்து பார்த்துத் திகைத்து நின்றனர். போருக்கு முன் கொடுத்த கடன் என்ன ஆகும்? போர்க்காலத்தில் செத்த நாணயத்தில் திருப்பிக் கொடுத்த கடன், கொடுத்த கடன்தானா? இவை அந்நாளில் எல்லாக் கடைகளிலும் எழுந்த கேள்விகள்.

இக்கேள்வியைப் பணத்தோடு நிறுத்தாமல் மனிதரிடமும் கொண்டு சென்ற தமிழ் நாவல் ஒன்று உண்டு. ஒரு காலத்தில் ஒருவன்மேல் வைத்த மதிப்பு, காலம் மாறியபின் செல்லுமா, செல்லாதா என்று அது கேட்கிறது. அந்நாவல் ப. சிங்காரம் எழுதிய ‘கடலுக்கு அப்பால்’. பினாங்கைக் களமாகக் கொண்ட இந்நூலை, அவருடைய பெரிய நாவலாகிய ‘புயலிலே ஒரு தோணி’க்கு ஒரு முன்னோட்டம் என்று கூறிக் கடந்து செல்வதே வழக்கமாகிவிட்டது. அவ்வாறு கடந்து செல்லத் தக்க நூல் அன்று இது என்பதே இக்கட்டுரையின் கருத்து.

வாழ்க்கைச் சுருக்கம்

ப. சிங்காரம் 1920ஆம் ஆண்டு ஆகஸ்ட் 12ஆம் நாள், இன்றைய சிவகங்கை மாவட்டத்துச் சிங்கம்புணரியில் பிறந்தார். சொந்த ஊரிலும் மதுரையிலும் பள்ளிக் கல்வி பெற்றார். 1938இல், பதினெட்டாம் வயதில், கடல் கடந்து சுமத்ரா தீவின் மேடான் நகருக்குச் சென்று தமிழர் கடையொன்றில் வேலைக்கு அமர்ந்தார். இடையில் ஒருமுறை தாயகம் வந்து மீண்டும் சென்றார். டச்சு ஆட்சியின் இறுதிக் காலத்தையும், ஜப்பானியர் ஆட்சியையும், இந்தோனேசிய விடுதலைப் போரின் தொடக்கத்தையும் அந்த மண்ணிலேயே இருந்து கண்டார். தம் மனைவியையும் குழந்தையையும் அந்த மண்ணிலேயே இழந்தார். 1946இல் தமிழகம் திரும்பினார்.

அதன்பின் மறுமணம் செய்துகொள்ளவில்லை. மதுரையில் தினத்தந்தி நாளிதழில் 1947 முதல் 1987 வரை பணி புரிந்தார். அந்நகரின் ஒய்.எம்.சி.ஏ. விடுதியில் ஏறத்தாழ அரை நூற்றாண்டு தனி மனிதராக வாழ்ந்தார். இலக்கியக் கூட்டங்களில் அவரைக் காண்பது அரிது. எழுத்தாளர் குழு எதிலும் அவர் சேர்ந்தவர் அல்லர். 1997 டிசம்பர் 30ஆம் நாள் மறைந்தார். வாழ்நாள் முழுதும் சேர்த்த பணத்தை ஏழை மாணவர் கல்விக்கென நாடார் மகாஜன சங்கத்துக்கு வழங்கினார்.

எழுதிய நாவல்கள் இரண்டே. ‘கடலுக்கு அப்பால்’ 1950இல் எழுதப்பட்டுக் கலைமகள் நாவல் போட்டியில் பரிசு பெற்று 1959இல் நூலாயிற்று. ‘புயலிலே ஒரு தோணி’ 1962இல் எழுதப்பட்டு, பத்து ஆண்டு காத்திருந்து, 1972இல் வெளிவந்தது. எழுதியதற்கும் அச்சானதற்கும் இடையே ஒன்றுக்கு ஒன்பது ஆண்டு, மற்றொன்றுக்குப் பத்து ஆண்டு. மூன்றாவது நாவல் எழுதப்படவில்லை. எண்பதுகளில் திறனாய்வாளர் சி. மோகன் போன்றோர் இவரைப் பற்றி அழுத்தமாக எழுதிய பின்னரே இலக்கிய வாசகர் பலர் இப்பெயரை அறிந்தனர். 1999இல், ஆசிரியர் மறைந்த இரண்டாம் ஆண்டில், தமிழினி பதிப்பகம் இரண்டு நாவல்களையும் ஒரே தொகுதியாக வெளியிட்டது. இன்று தமிழின் சிறந்த நாவல்களைப் பட்டியலிடுவோர் ‘புயலிலே ஒரு தோணி’யை விட்டுவிடுவதில்லை.

புறக்கணிக்கப்பட்டவர் என்ற இரக்கத்தோடு சிங்காரத்தைப் பற்றிப் பேசுவோர் பலர். இரக்கம் நல்ல குணமே. ஆயினும் அது திறனாய்வு ஆகாது. ஓர் எழுத்தாளரைப் பற்றி நாம் முதலில் அறிய வேண்டுவது, அவர் எழுதியது எத்தகையது என்பதே. ஆகவே நூலுக்குள் புகுவோம்.

கிட்டங்கியின் ஒழுங்கு

சுங்கை பினாங் ஆற்றங்கரைப் பக்கம் வாழும் நமக்கு இந்நூலின் நிலப்பரப்பை விளக்க வேண்டுவதில்லை. ஆயர் ஈத்தாம் பக்கத்து மலைநீரைக் கொண்டுவரும் இந்த ஆறு, பழைய ஜார்ஜ் டவுனுக்கும் ஜெலுத்தோங்குக்கும் இடையே கடலில் கலக்கிறது. தீவைச் சுற்றிக்கொண்டு மேற்கே சென்றால் மலாக்கா நீரிணை, அதன் மறுகரையில் பெலவான் துறைமுகம், அதையடுத்து மேடான். அக்கரையில் வேலை பார்த்த சிங்காரத்துக்கு இக்கரை அயலூர் அன்று. சூலியா தெருவும் பினாங்குத் தெருவும் மேடானின் தமிழ்க் கடைத்தெருவும் அந்நாளில் ஒரே தொழிலின் பல கிளைகள். ஆட்களும் சரக்கும் செய்தியும் இரு கரைக்கும் இடையே ஓயாது சென்று வந்தன.

அத்தொழில் வட்டித்தொழில். அதற்கென ஓர் ஒழுங்கு உண்டு. ஊரிலிருந்து பையனாக வருபவன் முதலில் பெட்டியடிப் பையன், பிறகு அடுத்தாள், பிறகு மேலாள். மூன்று ஆண்டு ஒரு கணக்கு. கணக்கு முடிந்தால் ஊர் திரும்பலாம். மீண்டும் வேறு கணக்குக்கு வரலாம். முதலாளியைப் பெயர் சொல்லி அழைப்பதில்லை; விலாசத்தின் எழுத்துகளே பெயர். வயிரமுத்துப் பிள்ளை ‘வானாயீனா’ ஆகிறார். இவ்வழக்கை மேலோட்டமாகக் கேட்பவர் ஒரு வேடிக்கை என்று எண்ணலாம். சிங்காரம் அதில் ஓர் உண்மையைக் கண்டார். மனிதன் தன் பெயரை விட்டுத் தன் கடையின் குறியெழுத்தாகிறான். அந்த எழுத்து கெடாமல் காப்பதே அவனுக்கு மானம். அந்த எழுத்தை நம்பித்தான் பிறர் பணம் போடுகின்றனர்.

நாவலின் தலைவன் செல்லையா, இந்த வானாயீனாவின் கடையில் வேலை பார்த்தவன். முதலாளியின் மகள் மரகதம். செல்லையாவுக்கே அவளைக் கொடுப்பது என்ற எண்ணம் வீட்டில் இருந்தது. இடையில் போர் வந்தது. செல்லையா நேதாஜியின் இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்தான். போர் முடிந்தது, அவன் திரும்பி வந்தான். மரகதத்தின் மனம் மாறவில்லை. செல்லையாவின் மனமும் மாறவில்லை. மாறியது தந்தையின் மனம். துப்பாக்கி ஏந்தியவன் வட்டிக்கடைக்கு ஆகமாட்டான் என்று வானாயீனா உறுதியாகத் தீர்மானித்துவிடுகிறார். தொழில் முறைக்கு ஏற்றவன் என்று தாம் கருதும் வேறொருவனுக்கு மகளைத் தர முனைகிறார். காதலர் பிரிகின்றனர். கதை இவ்வளவே.

இதனைச் ‘சாதாரணக் காதல் கதை’ என்று சொல்வோர் உண்டு. கதைச் சுருக்கத்தைக் கொண்டு நாவலை மதிப்பிட்டால் அவ்வாறுதான் தோன்றும். ஆனால் வானாயீனாவின் மறுப்பு எத்தகையது என்று சற்று ஊன்றி நோக்குதல் வேண்டும். அவர் கொடியவர் அல்லர். சாதி காட்டி மறுக்கவில்லை. வறுமை காட்டி மறுக்கவில்லை. செல்லையாவின் திறமையை அவர் அறிவார், நேர்மையையும் அறிவார். அவருடைய கணக்கு வேறு. கடன் கொடுப்பவனுக்கு வேண்டியது பணிவு, பொறுமை, தாழ்ந்த குரல். கடன்காரன் ஏசினாலும் சிரித்துக்கொண்டு நாளை வருவதாகச் சொல்லித் திரும்பும் பக்குவம் வேண்டும். பட்டாளத்தில் ஆணையிட்டுப் பழகியவனின் நடையும் நோக்கும் அதற்கு நேர்மாறானவை. செல்லையா கெட்டுப்போனான் என்று அவர் சொல்லவில்லை, மாறிப்போனான் என்கிறார். அது உண்மையுங்கூட.

இங்கேதான் நூலின் உயிர் இருக்கிறது. செல்லையா போருக்குச் செல்வதற்கு முன் பெற்றிருந்த மதிப்பு, ஒரு காலத்து நாணயம். அவன் திரும்பி வந்து அதைக் கொடுத்து மணப்பெண்ணைக் கேட்கும்போது, அந்த நாணயம் அக்கடையில் செல்லவில்லை. நாட்டுக்காகச் செய்த தொண்டு அவனுக்கு மதிப்பைக் கூட்டியிருக்க வேண்டும் என்று நாம் எண்ணுகிறோம். வானாயீனாவின் பேரேட்டில் அது பற்றுப் பக்கத்தில் எழுதப்படுகிறது. இரு தரத்தாரும் நாணயமானவர்களே. இருவரும் தங்கள் தங்கள் நாணயத்தை விட்டுக்கொடுக்க முடியாதவர்களே. ஆகையால் இக்கதையில் தீயவன் இல்லாமலே ஒரு பெருந்துன்பம் நிகழ்கிறது.

ஒரு புதிய மகட்பாற் காஞ்சி

தமிழாசிரியர்கள் இவ்விடத்தில் புறநானூற்றை நினைவு கூரலாம். மகட்பாற் காஞ்சி என்னும் துறையில் அமைந்த பாடல்கள் பல அந்நூலில் உள. வலிமை மிக்க வேந்தன் பெண் கேட்கிறான். முதுகுடித் தந்தை மறுக்கிறான். மறுப்பின் விளைவாக ஊரே அழியும் நிலை நேர்கிறது. அப்பாடல்களைப் பாடிய புலவர், பெண் கேட்ட வேந்தனையோ மறுத்த தந்தையையோ எளிதில் பழித்துவிடுவதில்லை. இவ்வளவு அழகு இவ்வளவு அழிவுக்குக் காரணமாயிற்றே என்று இரங்குகின்றனர்.

சிங்காரத்தின் நாவலும் ஒரு மகட்பாற் காஞ்சிதான். ஆனால் அதன் இடங்கள் தலைகீழாகியுள்ளன. மறுக்கும் தந்தை மறவன் அல்லன், வணிகன். கேட்பவன் வேந்தன் அல்லன். தோற்றுக் கலைந்த ஒரு படையிலிருந்து திரும்பிய வீரன். அன்று தந்தையின் மறுப்புக்குப் பின்னால் வேல் இருந்தது. இன்று பேரேடு இருக்கிறது. வேலை எதிர்த்து வேல் எடுக்கலாம். பேரேட்டை எதிர்த்து எதை எடுப்பது? படைக்கலம் பயின்ற செல்லையா, பேரேட்டின் முன் வெறுங்கையனாக நிற்கிறான்.

முல்லைத் திணையையும் ஒப்பிட்டுப் பார்க்கலாம். வினைமேற் சென்ற தலைவன் மீள்வான் என்று தலைவி ஆற்றியிருப்பது முல்லை. தலைவன் மீண்டதும் துன்பம் தீர்கிறது. மரகதமும் ஆற்றியிருந்தவளே, செல்லையாவும் மீண்டவனே. எனினும் துன்பம் அப்போதுதான் தொடங்குகிறது. போர்க்களத்தில் இறந்திருந்தால் அவன் அவ்வீட்டின் நினைவில் மாப்பிள்ளையாகவே இருந்திருப்பான். உயிரோடு திரும்பியதே அவனுக்கு வினையாயிற்று. போர் முடிந்து வீடு திரும்பிய வீரனுக்கு வீடு இருந்த இடத்தில் இல்லாமற் போவதை, முதல் உலகப் போருக்குப் பின் மேனாட்டு நாவலாசிரியர் பலரும் எழுதினர். சிங்காரம் விரும்பிப் படித்த ஹெமிங்வே அவருள் ஒருவர். அவ்வனுபவம் தமிழகத்தின் மண்ணில் பரவலாக நிகழவில்லை. கடலுக்கு இப்புறம் இருந்த தமிழருக்கே நேர்ந்தது. அதனைத் தமிழில் எழுதும் கடமை அங்கே இருந்து திரும்பிய ஒரு கடைச் சிப்பந்திக்கு வாய்த்தது.

இனி முடிவை எண்ணிப் பார்ப்போம். பெண்ணின் மனம் அவன் பக்கம். துணிந்து நிற்கத் தோழர் உளர். போர் முடிந்த அக்குழப்பக் காலத்தில் சட்டமும் காவலும் இன்னும் வேரூன்றவில்லை. உடன்போக்கு என்பது நம் இலக்கியம் ஒப்புக்கொண்ட அறமே. செல்லையா அவளை அழைத்துக்கொண்டு போயிருக்கலாம். அவன் அவ்வாறு செய்யவில்லை. கோழையாதலால் அன்று, தான் வளர்ந்த கடையின் ஒழுக்கம் அவனுக்குள் இன்னும் இருப்பதால். வலிமையால் வசூலிக்கும் கடன் கடன் ஆகாது என்பது வட்டிக்கடையின் முதல் பாடம். பட்டாளம் தன்னை மாற்றிவிட்டது என்று முதலாளி சொன்ன குற்றச்சாட்டை, விலகிச் செல்வதன் மூலம் அவன் பொய்யாக்கிவிடுகிறான். ஆனால் பொய்யாக்கிய அக்கணத்திலேயே அவளை இழந்தும் விடுகிறான். இந்த முரண் மிக நுட்பமானது. வானாயீனா தேடிய நாணயமான மருமகன் அவனே. அதை அவர் அறியும் வழி அடைபட்டுவிட்டது.

‘கடலுக்கு அப்பால்’ வெறுங்காதற் கதை அன்று என்று யாம் கூறுவது இதனாலேயே.

குறைகளும் கூறத்தக்கன

ஒரு நூலைப் போற்ற விரும்புவோர் அதன் குறைகளை மறைப்பது அந்நூலுக்கே தீங்கு. இந்நாவலின் பெருங்குறை மரகதம். அவள் அன்பும் கண்ணீரும் நம் மனத்தில் பதிகின்றன. ஆனால் அவள் எண்ணம் இன்னதென்று நமக்குத் தெளிவாகத் தெரிவதில்லை. தந்தை தீர்மானிக்கிறார், செல்லையா தீர்மானிக்கிறான், அவள் ஏற்கிறாள். தன்னைப் பற்றிய கணக்கில் தான் ஒரு வரி எழுத அவளுக்கு இடமில்லை. அக்காலத்துக் கிட்டங்கி வீட்டில் பெண்ணின் நிலை அதுதான் என்று சொல்லலாம். அது உண்மையே. ஆயினும் ஊமையாக்கப்பட்டவளின் உள்ளத்தையும் காட்டுவது நாவலாசிரியன் கடமை. சங்கப் புலவர் தலைவிக்குக் கொடுத்த பேச்சில் பாதியைக்கூடச் சிங்காரம் மரகதத்துக்குக் கொடுக்கவில்லை.

இரண்டாவது குறை, இறுதிப் பகுதியில் நண்பன் மாணிக்கத்தின் அறிவுரை. துன்புற்றவனைத் தேற்ற வரும் மாணிக்கம் நீளப் பேசுகிறான். உயர்ந்த கருத்துகளையே பேசுகிறான். எனினும் செல்லையாவின் செயலே சொல்லிவிட்டதை அவன் மீண்டும் சொல்லால் சொல்கிறான். வாசகர் தாமே கண்டடைய வேண்டியதை ஆசிரியர் கையில் எடுத்துக் கொடுத்துவிடுகிறார். போட்டிக்கு வந்த முதல் நாவல் என்பதால் இத்தகைய தயக்கம் நேர்ந்திருக்கலாம். இதே ஆசிரியர் பின்னர் எழுதிய நாவலில் இக்குறை இல்லை.

இரு நாவல்களும் ஒரே கடலும்

‘புயலிலே ஒரு தோணி’யில் களம் விரிகிறது. மேடான் நகரில் ஜப்பானியப் படை நுழைவதிலிருந்து தொடங்கும் அந்நூல், பாண்டியன் என்னும் இளைஞனைத் தொடர்ந்து செல்கிறது. சுமத்ராவிலிருந்து பினாங்குக்குத் தொங்கானில் வரும் தமிழர் நடுக்கடலில் புயலில் சிக்கும் பகுதி தமிழ் உரைநடையின் உயர்ந்த பகுதிகளுள் ஒன்று. பினாங்கில் நண்பர்கள் கூடித் தமிழ்ப் பழம்பெருமையைப் பற்றி வாதிடும் பகுதிகள் வேறு வகையில் சிறந்தவை. சிலப்பதிகாரமும் பட்டினத்தாரும் தாயுமானவரும் அங்கே மதுக்கிண்ணத்தின் பக்கத்தில் அமர்ந்துகொள்கின்றனர். தமிழின் மேல் அளவிறந்த பற்றுக் கொண்டவர்களே தமிழ்ப்பெருமைப் பேச்சைக் கிண்டல் செய்கின்றனர். அக்கிண்டலைக் கேட்டுச் சினங்கொள்வோர் இன்றும் இருக்கக் கூடும். பழம்பாடலை நெஞ்சில் நிறைத்துக்கொண்டவன் செய்யும் கிண்டலுக்கும், அதைப் படியாதவன் செய்யும் கிண்டலுக்கும் வேறுபாடு உண்டு. சிங்காரம் முன்னவர்.

இவ்வளவு விரிந்த நூலின் பக்கத்தில் முந்தைய நாவல் சிறியதாகத் தோன்றுவது இயல்பு. ஆனால் பெரிய நூல் அடையாத ஒன்றைச் சிறிய நூல் அடைந்திருக்கிறது என்பதை மறத்தல் கூடாது. பாண்டியனுக்கு வீடு இல்லை. அவன் மதுரையை நினைப்பான், சின்னமங்கலத்தை நினைப்பான். ஆனால் அவன் திரும்பி வந்து தட்டுவதற்கு ஒரு கதவு கதைக்குள் இல்லை. ஆகவே அவன் வீரனாக அலைந்து, வீரனாகவே இறந்துபோகிறான். செல்லையாவுக்கோ தட்டுவதற்கு ஒரு கதவு இருந்தது. கதவு திறந்தது; உள்ளே வரவேற்பும் இருந்தது; இடம் மட்டும் இல்லை. வீரச்சாவைவிட இது எழுதுவதற்குக் கடினமான துன்பம். போருக்குப் பின் உயிரோடு வாழ வேண்டியிருந்த பல்லாயிரம் பேரின் துன்பமும் இதுவே. மலாயாவில் இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்த தோட்டத் தொழிலாளரும் கடைச் சிப்பந்திகளும் போர் முடிந்ததும் எங்கே போயினர்? பெரும்பாலோர் பழைய வேலையைத் தேடிப் பழைய வாசலில் சென்று நின்றனர். அவர்கள் நின்ற நிலையைக் காட்டும் தமிழ் நாவல்களுள் இதற்குத் தனி இடம் உண்டு.

ஆகவே இவ்விரு நூல்களையும் முன்னோட்டமும் முழுநூலுமாகக் கொள்ளுதல் தவறு. ஒரே கடலின் இரு கரைகளாகக் கொள்ளுதலே பொருந்தும். ஒன்று செல்வோனின் நாவல். மற்றொன்று திரும்புவோனின் நாவல். வியப்பு யாதெனின், திரும்புவோனின் நாவலையே ஆசிரியர் முதலில் எழுதினார். 1946இல் மதுரைக்குத் திரும்பி, நான்கே ஆண்டில் இதனை எழுதி முடித்தார். அவ்விடைவெளியில் அவர் மனத்தில் மேலோங்கியிருந்தது போரின் ஆரவாரம் அன்று, திரும்புதலின் வேதனை என்பதற்கு இது ஒரு சான்று. ஆசிரியரின் வாழ்வையும் பாத்திரத்தின் வாழ்வையும் ஒன்றென்று கூறுவது முறையன்று. எனினும் செல்லையாவைப் படைத்தவரே அரை நூற்றாண்டு ஒரு விடுதி அறையில் வாழ்ந்து, சேர்த்த பணத்தைப் பிறர் பிள்ளைகளின் கல்விக்கு எழுதிவைத்தார் என்பதை அறியும்போது, நாணயம் என்னும் சொல்லை அவர் கதைக்காக மட்டும் ஆராயவில்லை என்று நமக்குத் தோன்றுகிறது.

நாம் செய்யத்தக்கது

சிங்காரம் விட்டுச் சென்றவற்றுள் அரியது அவருடைய சொற்செல்வம். தமிழ் வட்டிக்கடைச் சொற்கள், மலாய்ச் சொற்கள், மேடான் தெருக்களுக்கு டச்சுக்காரர் வைத்த பெயர்கள், ஜப்பானியப் பட்டாளச் சொற்கள் ஆகிய அனைத்தும் அவர் நடையில் இயல்பாகக் கலந்து வருகின்றன. அவர் அவற்றுக்குப் பெரும்பாலும் விளக்கம் தருவதில்லை. கடைத்தெருவில் நிற்பவனுக்கு யார் விளக்கம் தருவர்? அந்நாளில் இச்சொற்கள் வழங்கிய இடத்தில் வாழ்ந்தவர்க்கு அவை புரிந்தன. இன்று மதுரையில் படிக்கும் மாணவனுக்குப் பாதிச் சொற்கள் புரிவதில்லை. பினாங்கில் படிக்கும் மாணவனுக்கு மலாய்ச் சொற்கள் புரிகின்றன. ‘அடுத்தாள்’, ‘பெட்டியடி’ என்பன புரிவதில்லை. ஆக, இந்நூலை முழுதும் அறிய இரு கரையாரும் ஒருவருக்கொருவர் துணை வேண்டும்.

உ. வே. சாமிநாதையர் பழைய நூல்களைப் பதிப்பித்தபோது அரும்பத அகராதியும் சேர்த்தே பதிப்பித்தார். ஆயிரம் ஆண்டுக்கு முற்பட்ட நூலுக்குத்தான் அது வேண்டும் என்பதில்லை. 1950இல் எழுதிய நூலுக்கும் இன்று அது வேண்டியிருக்கிறது. இப்பணியைச் செய்யத்தக்கவர் இவ்வூர்த் தமிழாசிரியர்களே. கிட்டங்கிகளில் வேலை பார்த்தவர்களின் மக்களும் பேரரும் இங்கே உளர். பழைய பேரேடுகள் சில வீடுகளில் இன்னும் இருக்கலாம். மாணவர் ஒருவர் ஒரு சொல் என்று எடுத்துக்கொண்டு, வீட்டு முதியவரிடம் கேட்டு, பொருளும் வழங்கிய இடமும் குறித்து வந்தால், ஓராண்டில் ஒரு நல்ல அரும்பத விளக்கம் உருவாகிவிடும். சொல்லோடு ஒரு தெருவின் வரலாறும் மாணவர் மனத்தில் பதியும்.

ஜார்ஜ் டவுனின் பழைய தெருக்களை யுனெஸ்கோ நிறுவனம் 2008இல் உலக மரபுச் சின்னமாக ஏற்றது. அத்தெருக்களின் சுவரும் ஓடும் தூணும் இப்போது காக்கப்படுகின்றன. அவற்றுக்குள் வாழ்ந்தவர் எவ்வாறு பேசினர், எதற்கு அஞ்சினர், எதை மானமெனக் கொண்டனர் என்பதைச் சுவர் சொல்லாது. நாவல் சொல்லும். சூலியா தெருவில் நடந்து செல்லும் மாணவன் ஒருவன், இங்கே ஒரு கடையில் செல்லையா திரும்பி வந்து நின்றான் என்று நினைப்பானாயின், அத்தெரு அவனுக்கு வேறு தெருவாகிவிடும்.

2020இல் சிங்காரத்தின் பிறப்பு நூற்றாண்டு நிறைந்தது. நூற்றாண்டு விழாக்கள் வரும், போகும். எழுத்தாளனுக்கு நாம் பட்டிருக்கும் கடன் விழாவில் தீர்வதன்று, படிப்பதில் தீர்வது. சிங்காரம் தம் காலத்தில் தமிழ் வாசகரை நம்பி இரண்டு நூல்களைக் கொடுத்தார். ஒன்பது ஆண்டும் பத்து ஆண்டும் பொறுத்திருந்தார். யாரையும் ஏசாமல், குரல் உயர்த்தாமல் இருந்தார். நல்ல கடன் கொடுத்தவனின் பொறுமை அது. வட்டியோடு திருப்பித் தரும் முறை இப்போது நம்முடையது. அந்நாணயம் நமக்கு உண்டு என்பதை, பெரிய நாவலுக்கு முன்னதாக ‘கடலுக்கு அப்பால்’ நூலைக் கையில் எடுப்பதிலிருந்து தொடங்கிக் காட்டலாம்.